மூன்றாம் மாடிச் சமையலறையின் இரண்டாவது கதவு

சினிமாக் கம்பெனியின் லாரிகள் புறப்பட்டுப் போன மறுநாள் காலை, காரைக்காலுக்குத் தெற்கே சின்னங்கரை உப்பளத்தில் நின்ற பொய்த் தெருவைப் பிரிக்க வந்த மேஸ்திரி காளிதாஸ், தபாலாபீஸ் கதவின் கீலைக் கழற்றுவதற்காக அதை இழுத்துத் திறந்தபோது, உள்ளே ஒரு ரயில் நிலையத்தின் காத்திருப்பு அறை இருந்தது. அதன் உடைந்த கூரை வழியாகப் பனி கொட்டிக்கொண்டிருந்தது. குளிர்காற்று சொத்தைப் பல்லில் பட்டுச் சுரீர் என்றதால் அவர் கதவைச் சாத்திவிட்டுப் போய் டீ குடித்துவிட்டு வந்து, அடுத்ததாக மருந்துக்கடைக் கதவைத் திறந்தார். அதற்குள் ஒரு மந்திரியின் அலுவலறை, சிவப்புக் கம்பளமும் பெரிய மேசையுமாக. செட்டைச் சுற்றிக்கொண்டு பின்பக்கம் போய்ப் பார்த்தார். பின்பக்கம் எப்போதும் போல முட்டுக் கொடுத்த சவுக்குக் கழிகளும், சேறும், சேற்றில் ஓடும் நண்டுகளும்தான் இருந்தன. முன்பக்கம் வந்து திறந்தால் மறுபடி மந்திரி அறை. காளிதாஸ் பீடியை அணைத்துக் காதில் செருகிக்கொண்டு ஆளனுப்பினார்.

"மதாமைக் கூப்பிடுங்கடா. செட்டுக்குப் பின்னால ரூமு மொளைச்சிருக்கு. இதையும் சேர்த்துப் பிரிக்கணும்னா கூலி தனியாப் பேசணும்."

மதாம் என்பது இவேத் சூசைநாதன், பிரான்ஸ் தேசத்து சினிமாவில் ஆர்ட் டைரக்டர். காரைக்காலில் பிறந்தவள்; பிரெஞ்சுக்காரர்கள் கொடியை இறக்கிக்கொண்டு கப்பலேறிய வருஷம், அவர்கள் பட்டாளத்தில் சொல்தா என்கிற சிப்பாயாக இருந்த அப்பாவோடு ஒன்பது வயதில் தானும் கப்பலேறியவள். அவள் தமிழ் அந்த ஒன்பது வயதிலேயே நின்றுபோயிருந்தது. காரை மோட்டார் வண்டி என்பாள், தியேட்டரைக் கொட்டகை என்பாள், கோபம் வந்தால் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் திட்டுவதைப் போலத் திட்டுவாள், தச்சர்கள் திரும்பி நின்று சிரிப்பார்கள். அந்தக் கொடி இறங்கிய காலத்துத் தெருவைத்தான் பிரெஞ்சு டைரக்டர் ஒருவர் கேட்டிருந்தார், அவளும் வந்து உப்பளத்தில் கட்டிக்கொடுத்திருந்தாள். எல்லாம் வெறும் முகப்பு. ஒவ்வொரு வீட்டுக்கும் சுவர் உண்டு, சன்னல் உண்டு, கதவு உண்டு. கதவுக்கு அந்தப் பக்கம் ஒன்றும் கிடையாது.

இவேத் வந்து ஒவ்வொரு கதவாகத் திறந்து பார்த்தாள். அவள் மயங்கி விழவில்லை, சிலுவை போட்டுக்கொள்ளவும் இல்லை. காத்திருப்பு அறையின் பெஞ்சு முனையை விரலால் சுரண்டிப் பார்த்து, "இது நான் பண்ணுனது," என்றாள். மந்திரியின் மேசைக்கு அடியில் குனிந்து பார்த்து, "இதுவும்," என்றாள். அவள் முப்பது வருஷமாகப் பாரீசுக்கு வெளியே இருந்த ஸ்டுடியோக்களில் அறைகளைச் செய்துகொண்டிருந்தவள். ஆரம்பத்தில் வெறும் பலகைக்குத் தேக்கு ரேகை தீட்டுகிற வேலை, பிறகு அறைக்குள் சாமான் அடுக்குகிற வேலை, பிறகு அறையையே யோசிக்கிற வேலை. புதுச் சுவரைப் பழைய சுவராக்கத் தேயிலைத் தண்ணீரும் அடுப்புக்கரியும் எத்தனை பங்கு என்று அவள் கைக்குத் தெரியும். படம் முடிந்து ஜனங்கள் கோட்டை மாட்டிக்கொண்டு எழுந்திருக்கும் நேரத்தில்தான் அவள் பெயர் திரையில் ஏறும், அதை அவளுடைய அம்மாவைத் தவிர யாரும் உட்கார்ந்து படித்ததில்லை. கடைசி நாள் படப்பிடிப்பு முடிந்ததும் அறைகளை உடைத்துக் குப்பை வண்டியில் ஏற்றிவிடுவார்கள். அப்படி உடைபட்ட அறைகள் எல்லாம் இப்போது கடல் தாண்டி வந்து, அவள் கட்டிய பொய்க் கதவுகளுக்குப் பின்னால் வரிசையாக உட்கார்ந்திருந்தன.

கம்பெனி மேனேஜர் மெட்ராசிலிருந்து வந்து பார்த்தார். முகப்புகளைப் பிரிக்கத்தான் தனக்கு உத்தரவு, அறைகளைப் பற்றி ஒப்பந்தத்தில் ஒரு வார்த்தையும் இல்லை என்று சொல்லிவிட்டு, சாப்பிட்டுவிட்டுப் போனார். உப்பளத்துக்காரர் மரைக்காயர் வந்தார். அவர் திறந்த கதவுக்குப் பின்னால் இருந்தது ஒரு நூலகம். மதியம் வெயிலேறியதும் அதன் தோல் நாற்காலியில் ஒரு தூக்கம் போட்டுப் பார்த்தார், எழுந்து, இந்த வருஷம் இந்தப் பாத்தியில் உப்பு வேண்டாம், கிடக்கட்டும் என்றார்.

சின்னங்கரை ஜனங்களுக்கு அதிசயத்தின் காரணத்தில் பெரிய அக்கறை இல்லை. கடல் ஒருநாள் மீனைத் தரும், ஒருநாள் ஆளை எடுத்துக்கொள்ளும், ஏன் என்று கேட்டுக்கொண்டு கரையில் உட்கார்ந்திருந்தால் வலையை யார் உலர்த்துவது? அவர்கள் அறைகளின் குணத்தை மட்டும் கவனித்துத் தெரிந்துகொண்டார்கள். மதாம் தன் கையால் செய்தது எதுவோ அது நிஜமாகியிருந்தது, அடுத்தவர் கை பட்டது எதுவோ அது பொய்யாகவே இருந்தது. ரயில் நிலையத்துப் பனியை அவள் ஸ்டுடியோவில் உப்பும் காகிதத் தூளும் கலந்து தூவியிருந்தாள். இங்கே அது குளிர்ந்தது, உருகியது, இரவில் மறுபடி கொட்டியது. ரொட்டிக்கடை அலமாரியில் அவள் பிளாஸ்டரில் வார்த்துச் சாயம் பூசிய பிறை வடிவ ரொட்டிகள் காலைதோறும் சூடாக இருந்தன. நூலகத்துப் புத்தகங்களுக்கு முதுகு மட்டும்தான் ஒட்டியிருந்தாள். எடுத்தால் பலகை வரும்.

ஆகவே முதல் வாரத்திலேயே மீன்கார அம்மாக்கள் ரயில் நிலையத்தை எடுத்துக்கொண்டார்கள். ஐஸ் கம்பெனிக்காரனிடம் இனிப் பல்லைக் காட்ட வேண்டியதில்லை என்று வஞ்சிரமும் வவ்வாலும் கூடை கூடையாகக் காத்திருப்பு அறைப் பெஞ்சுகளில் படுத்துக்கொண்டன. மந்திரி அறையில் ஊர்ப் பஞ்சாயத்துக் கூடியது. ஊர்த் தலைவர் சிங்காரவேல் நாட்டார் சிவப்புக் கம்பளத்தில் செருப்பைக் கழற்றிவிட்டு அந்தப் பெரிய நாற்காலியில் உட்கார்ந்தார், உட்கார்ந்த நாளிலிருந்து அவர் தீர்ப்புகள் நீளமாகிவிட்டன என்று ஊரில் முணுமுணுப்பு. பிரசவ வலி கண்ட பெண்களைக் கன்னியாஸ்திரி மடத்து அறையில் கிடத்தினால் காற்றோட்டமாக இருந்தது. வேண்டுமென்றே யாரும் எதையும் கெடுக்கவில்லை. வெற்றிலை போடுகிறவர்கள் வெளியே வந்துதான் துப்பினார்கள்.

இவேத் டிக்கெட்டைத் தள்ளிப்போட்டாள், பிறகு கிழித்தே போட்டாள். தன் அறைகளில் ஆட்கள் உட்காருவதை அவள் அதுவரை பார்த்ததில்லை. நடிகர்கள் உட்காருவது வேறு, அவர்கள் சொன்னால்தான் உட்காருவார்கள். இங்கே ஒருத்தி அவள் செய்த பெஞ்சில் மீனைக் கவிழ்த்துச் செதிளைச் சுரண்டுகிறாள். இவேத்துக்குச் சந்தோஷமாக இருந்தது. அதை மறைத்துக்கொள்ள அவளுக்குத் தெரியவில்லை.

தொல்லை கொடுத்தது ஒரு கதவுதான். பள்ளிக்கூட முகப்பின் கதவைத் திறந்தால் பாரீசில் ஒரு மூன்றாம் மாடிச் சமையலறை. அடுப்பு, மேசை, சுவரில் தொங்கும் வாணலிகள். சன்னலுக்கு வெளியே பாரீசின் கூரைகளும் புகைபோக்கிகளும். கூடவே எதிர்ச்சுவரில் இரண்டாவதாக ஒரு கதவு. சின்னங்கரையில் இந்தச் செய்தி பரவிய அன்று நடந்ததைச் சொல்லாமல் விட முடியாது. அந்தக் கரையில் பிறந்தவர்களுக்கு உலகம் இரண்டு சாதிதான், பிரெஞ்சு நேஷனாலிட்டி உள்ளவர்கள், இல்லாதவர்கள். சொல்தா வீட்டுப் பெண் கறுப்பா சிவப்பா என்று யாரும் கேட்பதில்லை, நேஷனாலிட்டி உண்டா என்றுதான் கேட்பார்கள். விசா இல்லாமல் பிரான்சுக்கு வழி திறந்திருக்கிறது என்றதும் வாலிபர்கள் பெட்டி படுக்கையோடு, ஸ்வெட்டர் போட்டு வேர்த்து வழிய, அம்மாக்கள் கட்டிக்கொடுத்த புளிசாதத்தோடு பள்ளிக்கூடக் கதவில் வரிசை கட்டிவிட்டார்கள். முதலில் போனவன் கல்யாணக் கோட்டு போட்டிருந்தான். இரண்டாவது கதவு அசையவில்லை என்றதும் சன்னல் வழியாகக் கூரைமேல் குதித்தான். டர்ர் என்று கிழிந்தது. அது தீட்டிய படுதா, ஸ்டுடியோ கிடங்கிலிருந்து வாடகைக்கு எடுத்தது, இவேத்தின் கை அதில் பட்டதில்லை. பாரீசைக் கிழித்துக்கொண்டு போனவன் செட்டுக்குப் பின்னால் சேற்றில் கழுத்தளவு நின்று கத்தினான். வரிசை கலைந்தது. புளிசாதத்தை ரயில் நிலையத்தில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள்.

எல்லோரும் போன பிறகும் ஒருத்தி மட்டும் அந்தச் சமையலறையில் நின்றாள். ரெஜினாள், மீன் விற்கிறவள், நாற்பத்தைந்து வயதிருக்கும். அவள் புருஷன் அதிரியான் நேஷனாலிட்டி உள்ளவன். லீவில் வந்து கட்டினான், ஒரு மாதம் இருந்தான், பேப்பர் வந்ததும் அழைத்துக்கொள்கிறேன் என்று போனான். சில வருஷம் ஊர்த் தபாலாபீசுக்குப் போன் வந்தது, பிறகு வரவில்லை. கைபேசி இன்னும் வராத காலம் அது. பிரான்சிலிருந்து லீவில் வருகிறவர்களை அவள் பஸ் ஸ்டாண்டிலேயே மறித்துக் கேட்பாள். ஒருவர் அவன் ஆஸ்பத்திரியில் செத்துப்போனான் என்றார், ஒருவர் மாதா திருவிழாவில் பார்த்தேன் என்றார், மூன்றாமவர் சூட்கேசைத் தூக்கிக்கொண்டு பேச்சை மாற்றினார். சாமியார் அவன் ஆத்துமாவுக்குப் பூசை வைக்கவா என்றால் அவளுக்குத் துணிவு வராது, வேண்டாம் என்றும் சொல்லத் தெரியாது.

"இந்தக் கதவுக்கு அந்தாண்ட என்னா மதாம்?" என்று ரெஜினாள் கேட்டாள்.

"ஒண்ணும் இல்ல," என்றாள் இவேத். "காமிரா அந்தப் பக்கம் போகல. காமிரா பார்க்காததை நான் கட்ட மாட்டேன். அதுக்குக் காசும் தர மாட்டாங்க."

"அப்ப கட்டுங்க."

"எதை?"

"மாடிப்படி. தெரு. அவரு வீடு வரைக்கும்."

இவேத் சிரித்தாள், பிறகு அவள் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்தினாள். ரெஜினாள் கெஞ்சவில்லை. கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே சொன்னாள்: "கூட்டிக்கிட்டு வரணும்னு இல்ல மதாம். சண்டை போடணும்னும் இல்ல. இருக்காரா இல்லையான்னு தெரிஞ்சாப் போதும். வெள்ளப் பொடவை கட்டவா வேணாமான்னு கூடத் தெரியாம எத்தன காலம் இருக்கிறது?"

மறுநாள் இவேத் காரைக்கால் மரக்கடையில் ஒட்டுப்பலகை வாங்கிவரச் செய்து, சமையலறையின் இரண்டாவது கதவைக் கை நுழைகிற அளவுக்கு நெம்பி, அதற்கு அப்பால் முதல் படியைத் தன் கையாலேயே வைத்தாள். கதவு முழுதாகத் திறந்தது, படியும் நின்றது. கால் வைத்தால் வளைந்தது. உப்புக்காற்றில் மூன்றாம் நாள் அந்தப் பலகை வீங்கி ஏடு ஏடாகப் பிரிந்துகொண்டது. காளிதாஸ் பிரிந்த பலகையைத் தட்டிப் பார்த்துவிட்டு, ரயில் நிலையத்திலிருந்து உடைந்த ஒரு பெஞ்சின் பலகையைக் கொண்டுவந்து வைத்தார். அது நின்றது. அவர் ஏறிக் குதித்தார், நின்றது.

"பழைய ரூமு மரந்தான் இங்க புடிக்குது மதாம். தெரு வரைக்கும் போவணும்னா எல்லா ரூமையும் பிரிக்க வேண்டி வரும்."

சேதி ஊருக்குப் போன வேகம் பனி உருகும் வேகத்தைவிட அதிகம். மந்திரி அறையில் பஞ்சாயத்து கூடியது. நாட்டார் கோபமாக இருந்தார், நாற்காலியும் போய்விடுமே என்ற கவலையும் அதில் கொஞ்சம் கலந்திருந்தது.

"ஒரு பொம்பளைக்காவ ஊரு பொழப்புல மண்ணு போடுறதா? ஐஸுக்கு அலைஞ்சது மறந்துபோச்சா? நல்ல நாளும் பொல்லாத நாளுமா நம்மளுக்கு ஒரு வசதி வந்திருக்கு, அத ஒடச்சி மாடிப்படி கட்டுவாங்களாம். ஏன் ரெஜினாளு, அவன் இருந்தா என்னா, இல்லாட்டி என்னா? நீ இன்னிக்கும் கூடையத் தூக்கிக்கிட்டுத்தான் போவப்போற."

ஆண்கள் தலையாட்டினார்கள். ரெஜினாளுக்குப் பின்னால் பூவாத்தா எழுந்து நின்றாள். பூவாத்தா நாட்டாருக்கு அண்ணி. அவருடைய அண்ணன் கட்டுமரத்தில் போய்ப் புயலோடு புயலாகக் காணாமல் போனவர். பிணம் ஒதுங்கவில்லை, அதனால் ஊர் அவள் பொட்டை அழிக்கவில்லை, அவளும் அழிக்கவில்லை. மச்சினன் எதிரில் சபையில் அவள் வாய் திறந்ததை அதுவரை யாரும் கேட்டதில்லை.

"தம்பி, நீங்க பேசுனது நியாயந்தான்," என்றாள் பூவாத்தா. "ஒங்க அண்ணன் போனதுலேருந்து எனக்கு நீங்க ஒரு கொறையும் வைக்கல. ஆனா வாசல்ல சத்தம் கேட்டா நான் இன்னிக்கும் சோத்துச் சட்டிய எட்டிப் பாக்குறேன், ஒரு ஆளுக்கு மிச்சம் இருக்கான்னு. இது எப்படி இருக்கும்னு ஒங்களுக்கும் தெரியாது, இங்க ஒக்காந்திருக்கிற ஒருத்தருக்கும் தெரியாது. எனக்கு வழி இல்ல, கடலுக்கு யாரு படி கட்டுறது? இவளுக்கு வழி இருக்குது. ஐஸு காசுக்குக் கெடைக்கும் தம்பி."

நாட்டார் எழுந்து, கம்பளத்துக்கு வெளியே போய்ச் செருப்பை மாட்டிக்கொண்டார். "மொதல்ல இந்த ரூமைப் பிரிங்க," என்றார்.

வழி சொல்ல ஒரே ஒருவர்தான் இருந்தார். அல்போன்ஸ், பென்ஷன் வாங்குகிற கிழட்டு சொல்தா. எப்போதோ அதிரியான் வீட்டுக்கு ஒருமுறை விருந்துக்குப் போனதாக அவர் இருபது வருஷமாகச் சொல்லிவந்தார். அவரை ஒரு நாற்காலியில் உட்காரவைத்து, மதியத்துக்கு மேல் தருவதாகச் சொல்லிப் பாட்டிலை எட்டாத இடத்தில் வைத்துக்கொண்டு, இவேத் கேட்டாள். அவர் கண்ணை மூடிக்கொண்டு, தான் அன்று தங்கியிருந்த மாடி வீட்டிலிருந்து மனதுக்குள் நடந்தார். படி இறங்கினால் சின்ன முற்றம், முற்றத்தில் சைக்கிள்கள், தாண்டினால் தெரு, தெருவில் ரொட்டிக்கடை, பச்சைச் சிலுவை போட்ட மருந்துக்கடை, ரயில் பாலம், பாலம் இறங்கியதும் உயர உயரமாகக் கட்டடங்கள், அதில் லிப்டு கெட்டுப்போன கட்டடம். அவர் சொல்லச் சொல்ல இவேத் கட்டினாள். பாலத்துக் கைப்பிடி பச்சை என்றார், காய்ந்த பிறகு கறுப்பு என்றார்.

"யோவ் முசே, ஒழுங்கா ஞாபகப்படுத்திச் சொல்லும்யா!" என்று காளிதாஸ் கத்தினார்.

"பச்சைக்கு மேல கறுப்பு அடிச்சிருந்தான்யா, உரிஞ்ச எடத்துல பச்சை தெரிஞ்சிச்சு!" என்று அல்போன்ஸ் திருப்பிக் கத்தினார். இவேத் கறுப்பு அடித்து, நகத்தால் அங்கங்கே உரித்துவிட்டாள். பாலத்துக்கு அடியில் அன்று மாலையே ரயில் ஒன்று ஓடியது.

தச்சர்கள் மரத்தைப் பிடித்துக்கொடுத்தார்கள், அறுத்துக்கொடுத்தார்கள், ஆணியை அவள்தான் அடிக்க வேண்டும், சாயத்தை அவள்தான் பூச வேண்டும். ரயில் நிலையம் மாடிப்படியானது. அதைப் பிரித்த அன்று மீன்கார அம்மாக்களே கடைசிப் பனியைக் கூடையில் அள்ளி வெளியே கொட்டினார்கள், அது உப்பளத்தில் உப்பாகக் கிடந்தது. மந்திரி அறை முற்றமானது. கன்னியாஸ்திரி மடம் தெருவின் ஒரு பக்கம் ஆனது, ரொட்டிக்கடையை அப்படியே தூக்கித் தெருவில் வைத்தார்கள், நூலகத்தைப் பிரித்தபோது மரைக்காயர் வந்து தோல் நாற்காலியைத் தொட்டுப் பார்த்துவிட்டுப் போனார். இவேத் ஒவ்வொரு பலகையையும் அறிந்திருந்தாள். இந்தப் பலகையில் ரேகை தீட்டிய அன்று அம்மா இறந்த செய்தி வந்தது, இந்தப் பலகையை டைரக்டர் மாற்றச் சொல்லி அவள் மாற்ற மாட்டேன் என்று சண்டை போட்டாள். முப்பது வருஷத்து வேலையை அவள் தானே கடப்பாரை போட்டுப் பெயர்த்தாள். நூலகத்துக்கு மட்டும் அழுதாள், அதையும் வேலையை நிறுத்தாமலே அழுதாள்.

கடைசிக் கட்டடத்தின் நான்கு மாடிக்கும் மரம் போதவில்லை. அதன் வாசற்படி வரைதான் வந்தது. ஆனால் வாசற்படியை அவள் வைத்து முடித்ததும், மேலே யாரோ கதவைச் சாத்தும் சத்தம் கேட்டது, ஒரு குழந்தை பிரெஞ்சில் எதையோ கேட்டு அடம்பிடித்தது. இவேத் சுத்தியலைக் கீழே வைத்தாள். அதற்கு மேல் இருந்தது அவள் கட்டியது இல்லை.

ரெஜினாள் காலையில் குளித்து, நீலப் புடவை கட்டி, தலையில் கூடையோடு வந்தாள். கூடையில் நெத்திலிக் கருவாடு. "வெறுங்கையோட எப்படிப் போறது? அவருக்கு உசுரு," என்றாள். யாரும் அவளோடு போகவில்லை, போகக் கூடாது என்று யாரும் சொல்லவும் இல்லை. பள்ளிக்கூடக் கதவைத் தாண்டிச் சமையலறைக்குள் நுழைந்தாள், இரண்டாவது கதவைத் தாண்டிப் படியிறங்கினாள். செருப்புச் சத்தம் முற்றத்தில் கேட்டது, தெருவில் கேட்டது, பிறகு கேட்கவில்லை. ஊர் உப்பளத்தில் உட்கார்ந்திருந்தது. யாரோ டீ வாங்கி வந்தார்கள். நாட்டார் தரையில் குந்தியிருந்தார். அவன் அவளைத் திருப்பி அனுப்ப மாட்டான், கூடவே வைத்துக்கொள்வான் என்று சிலர் சொன்னார்கள். அல்போன்ஸ் தான் சொன்ன வழியில் ஒரு திருப்பத்தை விட்டுவிட்டேனோ என்று வாய்விட்டுப் புலம்பி, பேச்சு வாங்கினார்.

வெயில் சாய்கிற நேரத்தில் படியில் செருப்புச் சத்தம் கேட்டது. ரெஜினாள் வந்தாள். கூடை இடுப்பில் இருந்தது, காலியாக இருந்தது.

இவேத்தான் முதலில் எழுந்தாள். என்னென்னவோ கேட்க நினைத்திருந்தாள், வாயில் வந்தது ஒன்றுதான்: "படி தாங்கிச்சா?" கேட்ட மாத்திரத்தில் வெட்கமாகப் போய்விட்டது.

"தாங்கிச்சு மதாம். பாலமெல்லாம் நல்லா இருந்திச்சு. கைப்புடி உரிஞ்ச எடத்துல பச்சையாத்தான் இருக்கு."

அல்போன்ஸ் கையைத் தட்டினார். யாரும் திரும்பிப் பார்க்காததால் நிறுத்திக்கொண்டார்.

"இருக்காரா?" என்றாள் பூவாத்தா.

"இருக்காரு." ரெஜினாள் கூடையைக் கவிழ்த்து அதன் மேல் உட்கார்ந்தாள். "கதவை அவருதான் தொறந்தாரு. முடியெல்லாம் கொட்டிப்போச்சு. பின்னால ஒரு வெள்ளைக்காரி, ஒரு பேரப்புள்ள, காலக் கட்டிக்கிட்டு நிக்குது. என்னைப் பாத்தாரு. ஒண்ணும் தெரியல அவருக்கு. கூடயப் பாத்தாரு, குனிஞ்சு மோந்து பாத்தாரு. சின்னங்கரை கருவாடான்னு கேட்டாரு. கண்ணுல தண்ணி வந்திருச்சு அவருக்கு. ஆமாய்யான்னேன். எத்தனை வருசமாச்சு இந்த வாசத்துக்குன்னு சொல்லி, அவ்வளத்தையும் எடுத்துக்கிட்டாரு. அந்தப் பக்கந்தான் எனக்கும் ஆளு இருந்தாங்கன்னு சொன்னாரு."

பூவாத்தாவின் கை ரெஜினாளின் தோளில் விழுந்தது. இவேத்துக்குத் தன் படியும் பாலமும் தெருவும் ஒன்றாகச் சேர்ந்து நெஞ்சில் ஏறியதைப் போல இருந்தது. இவ்வளவு நன்றாகக் கட்டாமல் இருந்திருக்கலாம் என்று அவள் வாழ்க்கையில் முதல்முறையாக நினைத்தாள்.

"அடிப்பாவி, பேரைச் சொல்ல வேண்டியதுதானே?" பூவாத்தா அழுதுகொண்டே அவளை உலுக்கினாள். "நாந்தான் ரெஜினாளுன்னு ஒரு வார்த்த சொல்லிருக்கலாமே, ஏன்டி சொல்லல?"

ரெஜினாள் திறந்து கிடந்த கதவைப் பார்த்தாள். சமையலறை அடுப்பில் யாரும் பற்றவைக்காமலே ஏதோ கொதித்துக்கொண்டிருந்தது.

"சொல்லிருந்தா உள்ள வான்னு கூப்புட்டிருப்பாரு," என்றாள். "கூப்புட்டிருந்தா நான் போயிருப்பேன்."